வெளிச்சாப்பாடும் வீட்டுக் கணக்கும்

மாதத்தில் ஒரு நாளாவது குடும்பத்தோடு வெளியே சென்று உண்ண வேண்டும் என்னும் ஆசை இன்று நகரவாசிகளுக்கு மட்டும் உரியதன்று. தேயிலை மலைகளின் நடுவே வாழும் நம் குடும்பங்களிலும் அவ்வாசை வேரூன்றிவிட்டது. சம்பள நாள், தீபாவளி, பிள்ளையின் பரீட்சைப் பெறுபேறு வெளியான நாள், கொழும்பில் வேலை பார்க்கும் மகன் விடுமுறையில் வந்த நாள் என்று ஏதேனும் ஒரு காரணம் வாய்க்கும். குடும்பம் புறப்பட்டுவிடும். இதனைக் குறை கூற நாம் முன்வரவில்லை. நாள் முழுவதும் கொழுந்து கூடையைச் சுமந்து மலையேறி இறங்கும் தாய், ஒரு நாள் பிறர் சமைத்துப் பரிமாற அமர்ந்து உண்பதில் என்ன தவறு? அது அவளுக்குரிய இளைப்பாறுதல். ஆனால், அந்த ஒரு நாளின் மகிழ்ச்சி, அடுத்த பதினைந்து நாட்களின் கடனாக மாறிவிடக் கூடாது. அதற்கு வழி என்ன என்பதைப் பற்றியே இங்கே சிந்திக்கப் போகிறோம்.

கொட்டகலை, ஹட்டனுக்கும் தலவாக்கலைக்கும் இடையில் நெடுஞ்சாலையை ஒட்டி அமைந்த சிற்றூர். சுற்றிலும் தோட்டங்கள், அருகிலே பத்தனையில் ஸ்ரீபாத தேசிய கல்வியியற் கல்லூரி. ஆகவே, கொட்டகலைக் கடைத்தெருவில் உண்ண வருவோரில் தோட்டத் தொழிலாளரும் உண்டு. ஆசிரிய மாணவரும் உண்டு. பேருந்து மாறுவதற்காக இறங்கிய வழிப்போக்கரும் உண்டு. முன்னாளில் இவர்களுக்கு வெளிச்சாப்பாடு என்றால் ஒரு தேநீரும் வடையும், மிஞ்சினால் சோறும் கறியும். இன்றோ பிள்ளைகளின் கையிலுள்ள தொலைபேசி, கண்டியிலும் கொழும்பிலும் உள்ள பெரிய கிளைக் கடைகளின் விளம்பரங்களை லயத்து வாசலுக்கே கொண்டுவந்து சேர்க்கிறது. ‘நால்வருக்கு இவ்வளவு’, ‘ஒன்று வாங்கினால் ஒன்று இலவசம்’, ‘இன்று மட்டும்’ என்றெல்லாம் அவ்விளம்பரங்கள் அழைக்கின்றன. ‘கொம்போ’ என்றும் ‘ஓபர்’ என்றும் பிள்ளைகள் சொல்லும் இச்சலுகைச் சாப்பாட்டை உள்ளூர்க் கடைகளும் இப்போது பின்பற்றத் தொடங்கிவிட்டன. எனவே, இதன் உட்பொருளை அறிந்து கொள்வது ஒவ்வொரு குடும்பத்துக்கும் அவசியமாகிறது.

கிளைக் கடைகள் பிறந்த கதை

ஒரே பெயர், ஒரே விலை, ஒரே ருசி என்று பல இடங்களில் கடை விரிக்கும் வழக்கத்துக்கும் நமது தேயிலைக்கும் தொடர்பு உண்டு. 1894ஆம் ஆண்டில் லண்டன் மாநகரின் பிக்கடிலி வீதியில் ஜே. லயன்ஸ் என்னும் நிறுவனம் ஒரு தேநீர்க்கடையைத் திறந்தது. சுத்தமான மேசை, குறைந்த விலை, நல்ல தேநீர் என்பவற்றை எளிய மக்களுக்கு அளித்ததால் அக்கடை பெருகியது. காலப்போக்கில் பிரித்தானியா முழுவதும் இருநூறுக்கு மேற்பட்ட கிளைகளாக விரிந்தது. எழுத்தராகவும் தட்டச்சாளராகவும் வேலை பார்த்த பெண்கள், துணைக்கு ஆணின்றித் தனியே அமர்ந்து மதியம் உண்ணக்கூடிய கண்ணியமான இடமாகவும் அது விளங்கிற்று.

இங்கே மாணவர்கள் நினைவிற்கொள்ள வேண்டிய ஒரு செய்தி உண்டு. ஒரு ரொட்டிக்கும் ஒரு கோப்பைத் தேநீருக்கும் கிடைக்கும் இலாபம் சில காசுகளே. அக்காசுகளைப் பிழையின்றிக் கணக்கிட வேண்டும் என்பதற்காகவே லயன்ஸ் நிறுவனம் தானே ஒரு கணினியை உருவாக்கியது. ‘லியோ’ எனப் பெயர் பெற்ற அக்கணினி, 1951ஆம் ஆண்டு நவம்பர் மாதத்தில் அந்நிறுவனத்தின் வெதுப்பகக் கணக்குகளைச் செய்யத் தொடங்கிற்று. வர்த்தக வேலைக்கென ஒழுங்காகப் பயன்பட்ட முதற் கணினி அதுவே. தேநீர் விற்றவர்கள் கணக்கிலே எவ்வளவு கருத்தாயிருந்தனர் என்பது இதனால் விளங்கும். விற்பவர் இவ்வளவு கணக்குப் பார்க்கும்போது, வாங்குபவர் கண்ணை மூடிக்கொண்டு வாங்குவது முறையாகுமா?

பலர் சேர்ந்து உண்ணும் சாப்பாட்டை ஒரே விலைக்குக் கட்டிக் கொடுக்கும் முறை அமெரிக்காவில் பெயர் பெற்றது. 1957ஆம் ஆண்டில் பீட் ஹார்மன் என்னும் கடைக்காரர், சோல்ட் லேக் நகரில், பொரித்த கோழித் துண்டுகள் பதினான்கையும் கிழங்கு மசியல், பண், குழம்பு ஆகியவற்றையும் ஒரு வாளியில் இட்டு மூன்றரை டொலருக்கு விற்றார். வீட்டுக்குக் கொண்டுசென்று குடும்பமாக உண்ணும் ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாடு என்று அது பரவியது. பின்னர் பிள்ளைகளுக்கென விளையாட்டுப் பொருளோடு கூடிய சாப்பாட்டுப் பெட்டியை 1979ஆம் ஆண்டில் மெக்டொனால்ட்ஸ் நிறுவனம் அமெரிக்கா முழுவதும் விற்கத் தொடங்கிற்று. இலங்கைக்கு பீட்சா ஹட் 1993ஆம் ஆண்டிலும், கே.எப்.சி. 1995ஆம் ஆண்டிலும் வந்து சேர்ந்தன. முப்பது ஆண்டுகளுக்குள் இவை நம் பிள்ளைகளின் பேச்சில் புகுந்துவிட்டன.

சலுகை யாருக்குச் சலுகை?

கடைக்காரர் நட்டத்துக்கு விற்பதில்லை. இதனை நாம் முதலில் மனத்திற்கொள்ள வேண்டும். அப்படியாயின் சலுகை விலை எவ்வாறு சாத்தியமாகிறது?

ஒரு தட்டிலே எல்லாப் பொருளும் ஒரே இலாபத்தைத் தருவதில்லை. இறைச்சிக்கு அடக்கவிலை அதிகம். அதில் இலாபம் குறைவு. குவளையில் ஊற்றித் தரும் குளிர்பானத்துக்கு அடக்கவிலை மிகக் குறைவு, இலாபம் அதிகம். கிழங்குப் பொரியலும் அவ்வாறே. ஆகவே, இறைச்சியைத் தனியே வாங்க வந்தவருக்குக் கிழங்கையும் பானத்தையும் சேர்த்துக் கட்டிக் கொடுத்துவிட்டால், மொத்த விலையில் சிறிது குறைத்தாலும் கடைக்கு இலாபமே. மேலும், எல்லோரும் ஒரே விதமான சாப்பாட்டைக் கேட்டால் சமையலறையில் வேலை விரைவாக முடியும்; பண்டம் வீணாவது குறையும். கூட்டமில்லாத கிழமைகளிலும் நேரங்களிலும் ஆட்களுக்கும் அடுப்புக்கும் ஆகும் செலவு எப்படியும் ஆகத்தான் செய்யும். அந்நேரங்களில் விலையைக் குறைத்தேனும் மேசைகளை நிரப்புவது கடைக்கு நன்மை.

இவற்றில் சூழ்ச்சி எதுவும் இல்லை, இது வியாபாரம். நமக்கு வேண்டிய பொருளே அக்கட்டிலும் அமைந்திருந்தால் இருவருக்கும் நன்மை. நமக்கு வேண்டாத பொருளை நம் தலையில் கட்டினால்தான் நமக்கு நட்டம். எனவே, கேட்க வேண்டிய கேள்வி ‘எவ்வளவு மிச்சம்?’ என்பதன்று, ‘இச்சலுகை இல்லாதிருந்தால் நாம் எதை வாங்கியிருப்போம்?’ என்பதே.

ஒரு சிறு கணக்கு

எடுத்துக்காட்டாக ஒரு கணக்கைப் போட்டுப் பார்ப்போம். இவ்விலைகள் எந்தக் கடையினுடையவும் அல்ல. விளக்கத்துக்காக நாம் அமைத்துக் கொண்டவை. தந்தை, தாய், இரு பிள்ளைகள் என நால்வர் உண்ணச் செல்கின்றனர். ‘நால்வர் சாப்பாடு’ 6000 ரூபாய் என்று பலகையில் எழுதியிருக்கிறது. அதில் கோழித் துண்டு எட்டு, சோறு நான்கு, குளிர்பானம் நான்கு, இனிப்புப் பண்டம் ஒரு தட்டு. தனித்தனியே வாங்கினால் கோழித் துண்டு ஒன்று 450 வீதம் 3600, சோறு ஒன்று 350 வீதம் 1400, பானம் ஒன்று 300 வீதம் 1200, இனிப்பு 600. ஆக மொத்தம் 6800 ரூபாய். 800 ரூபாய் மிச்சம் என்று பலகை பறைசாற்றுகிறது. அது பொய்யன்று.

ஆயினும், அக்குடும்பத்துக்குப் பெரியவர்களுக்கு இவ்விரண்டாகவும் பிள்ளைகளுக்கு ஒவ்வொன்றாகவும் ஆறு துண்டுகளே போதும் என்று வைத்துக்கொள்வோம். பானத்துக்குப் பதிலாக ஒரு லீற்றர் தண்ணீர்ப் போத்தல் போதும். இனிப்பு வேண்டாம். இப்போது கணக்கு என்ன? கோழிக்கு 2700, சோற்றுக்கு 1400, தண்ணீருக்கு 100. மொத்தம் 4200 ரூபாய். 800 ரூபாயை மிச்சப்படுத்தப் போனவர்கள், 1800 ரூபாயைக் கூடுதலாகச் செலவிட்டிருப்பார்கள். மாறாக, வளர்ந்த பிள்ளைகள் நால்வர் உள்ள குடும்பம் எட்டுத் துண்டையும் பானத்தையும் இனிப்பையும் எப்படியும் வாங்கியிருக்குமானால், அவர்களுக்கு அந்தச் சலுகை உண்மையான சலுகையே. ஒரே பலகை, ஒரு வீட்டுக்கு இலாபம், மற்றொரு வீட்டுக்கு நட்டம். கணக்கு கடையில் இல்லை. நம் வீட்டுத் தேவையில் இருக்கிறது.

இத்தொகையை நம் தோட்டத்து அளவுகோலால் ஒருமுறை அளந்து பார்ப்பது நல்லது. அந்த அளவுகோல் ‘பேர்’. ஒரு நாள் வேலைக்கு ஒரு பேர். தோட்டத் தொழிலாளரின் நாட்சம்பளம் 2024ஆம் ஆண்டு செப்டெம்பரில் 1350 ரூபாயாக நிர்ணயிக்கப்பட்டது. 2025ஆம் ஆண்டு நவம்பரில் பாராளுமன்றத்தில் சமர்ப்பிக்கப்பட்ட வரவு செலவுத் திட்டத்தில் அதனை 1550 ஆக உயர்த்தி, அரசாங்கத்தின் வருகைக் கொடுப்பனவாக 200 ரூபாயும் சேர்த்து 1750 ரூபாயாக்குவதென அறிவிக்கப்பட்டது. அந்த 1750ஐயே வைத்துப் பார்த்தாலும், 6000 ரூபாய்ச் சாப்பாடு ஏறக்குறைய மூன்றரைப் பேர். 4200 ரூபாய்ச் சாப்பாடு இரண்டரைப் பேருக்கும் சற்றுக் குறைவு. ஒரு முழு நாள் மழையிலும் பனியிலும் நின்று பறித்த கொழுந்து, இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தில் அடங்கிவிடுகிறது. சேமலாப நிதிக் கழிவு போகக் கைக்கு வருவது இன்னும் குறைவு என்பதையும் மறத்தல் ஆகாது. ரூபாயில் சொன்னால் பிள்ளைகளுக்கு அதன் பெறுமதி விளங்காதிருக்கலாம். ‘அம்மாவின் மூன்றரைப் பேர்’ என்று சொன்னால் உடனே விளங்கும்.

பலகையில் இல்லாத விலை

சாப்பிட்டு முடிந்ததும் வரும் பற்றுச்சீட்டு பலரைத் திகைக்க வைப்பதுண்டு. காரணம், பலகையில் கண்ட விலை வேறு. செலுத்தும் விலை வேறு. பெரிய உணவகங்கள் பலவற்றில் அமர்ந்து உண்போரிடம் நூற்றுக்குப் பத்து வீதம் சேவைக் கட்டணம் அறவிடப்படுகிறது. அதற்கு மேல் பெறுமதி சேர் வரி. வற் என்று நாம் கூறும் அவ்வரி 2024ஆம் ஆண்டு ஜனவரி முதலாந் திகதியிலிருந்து நூற்றுக்குப் பதினெட்டாக உயர்ந்தது. 5000 ரூபாய் என்று அட்டையில் உள்ள சாப்பாட்டுக்குச் சேவைக் கட்டணம் 500 சேர்ந்து 5500 ஆகும். அதன்மேல் வரி 990 சேர்ந்து 6490 ஆகும். ஏறத்தாழப் பத்துக்கு மூன்று வீதம் கூடுதல்!

சில கடைகள் எல்லாவற்றையும் உள்ளடக்கியே விலை எழுதுகின்றன. சில அவ்வாறு எழுதுவதில்லை. ஆகவே, இருக்கையில் அமருமுன், ‘இவ்விலையில் வரியும் சேவைக் கட்டணமும் அடக்கமா?’ என்று மரியாதையாகக் கேட்டுவிட வேண்டும். கேட்பதில் வெட்கம் எதற்கு? கோட்டும் சூட்டும் அணிந்தவரும் கேட்கும் கேள்விதான் அது. கட்டிக்கொண்டு வீட்டுக்கு எடுத்துச் சென்றால் சேவைக் கட்டணம் பெரும்பாலும் இல்லை என்பதும் நினைவில் இருக்கட்டும். அன்றியும், பெறுமதி சேர் வரிக்குப் பதிவு செய்யாத கடை அவ்வரியை அறவிட இயலாது. பற்றுச்சீட்டில் வரி என்று ஒரு தொகை இருந்தால் அதன் அருகே வரிப் பதிவு இலக்கம் உண்டா என்று பார்ப்பது நலம்.

இவ்விடயத்தில் சட்டமும் நம் பக்கம் இருக்கிறது. 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கப் பாவனையாளர் அலுவல்கள் அதிகாரசபைச் சட்டத்தின்படி, விற்பவர் விலைப்பட்டியலைக் கண்ணில் படும்படி வைத்தல் வேண்டும். வாங்கியவர் கேட்டால் பற்றுச்சீட்டு கொடுத்தல் வேண்டும். முறைப்பாடு செய்ய விரும்புவோர் அதிகாரசபையின் 1977 என்னும் தொலைபேசி இலக்கத்தை அழைக்கலாம். போத்தலில் அடைத்த தண்ணீருக்கு 2025ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் உச்ச விலை விதிக்கப்பட்டது: அரை லீற்றர் 70 ரூபாய், ஒரு லீற்றர் 100 ரூபாய். உணவின் சுத்தத்தைப் பற்றிய குறையாயின், பிரதேசத்தின் பொதுச் சுகாதாரப் பரிசோதகரிடம் தெரிவிக்கலாம். உரிமையை அறிந்தவர் உரத்துப் பேச வேண்டிய அவசியமே நேராது; அமைதியாகக் கேட்டாலே போதும்.

நம்மூர்ச் சலுகைகள்

கிளைக் கடைகள் தோன்றுமுன்பே சலுகைச் சாப்பாடு நம்மிடம் இருந்தது. அதற்கு அப்பெயர் இல்லை, அவ்வளவே. நம் நகரங்களிலுள்ள சாதாரணச் சாப்பாட்டுக் கடைக்குள் மதிய வேளையில் சென்று சோறும் கறியும் கேளுங்கள். ஒரு மீன் துண்டுக்கோ இறைச்சிக்கோ உரிய விலையோடு பருப்பு, கீரை, இரண்டு மரக்கறி, சம்பல், அப்பளம் ஆகியன வந்துவிடும். பல கடைகளில் சோற்றையும் மரக்கறியையும் மறுமுறை கேட்டாலும் மேலதிகக் காசு இல்லை. வளரும் பிள்ளைகளுக்கு இதைவிடச் சிறந்த சலுகை எது? ஆனால், மறுசோறு இலவசமா என்பதை முன்கூட்டியே கேட்டறிதல் வேண்டும். எல்லாக் கடைகளிலும் அவ்வழக்கம் இல்லை. தமிழ் நாட்டுக் கடைகளில் ‘அளவுச் சாப்பாடு’, ‘முழுச் சாப்பாடு’ என்று இதனைப் பலகையிலேயே எழுதிவிடுவர். அங்கு 2013ஆம் ஆண்டில் சென்னையில் தொடங்கிய அம்மா உணவகங்கள், இட்டலி ஒன்றை ஒரு ரூபாய்க்கும் சாம்பார் சோற்றை ஐந்து ரூபாய்க்கும் விற்று, உழைப்பாளிக்கு மலிவாக உணவளிக்க அரசும் முன்வரலாம் என்பதைக் காட்டின.

தேநீர்க்கடையில் மேசைக்கு வரும் சிற்றுண்டித் தட்டு நம் நாட்டுக்கே உரிய அழகிய வழக்கம். ரோல்ஸ், கட்லட், வடை, பற்றிஸ் எல்லாம் ஒரு தட்டில் நிறைந்து வரும். உண்டதற்கு மட்டும் காசு. ஆனால், பசியோடு அமர்ந்த பிள்ளைகளின் முன் நிறைந்த தட்டை வைப்பது, சலுகைப் பலகையைவிடச் சக்திவாய்ந்த அழைப்பு. தட்டு வந்ததும், ஆளுக்கு எத்தனை என்பதை முடிவு செய்து, வேண்டியதை எடுத்துக்கொண்டு, மிகுதியைத் திருப்பி அனுப்பிவிடுவது நல்லது. மூடியில்லாமல் மேசைக்கு மேசை சுற்றும் தட்டாயின், சூடாகப் பொரித்ததைத் தனியே கேட்டு வாங்குவது இன்னும் நல்லது.

கொத்து ரொட்டியையும் பிரைட் ரைஸையும் எடுத்துக்கொண்டால், ‘முழு’, ‘அரை’ என்னும் அளவுகளே கணக்கின் திறவுகோல். பல கடைகளில் முழு என்பது இருவர் தாராளமாக உண்ணும் அளவு. அரையின் விலையோ, முழுவின் விலையில் பாதியன்று, பாதிக்கு மேல். ஆகவே, இருவர் இரண்டு அரைகளை வாங்குவதிலும், ஒரு முழுவை வாங்கிப் பகிர்வது சிக்கனம். தனியாக வந்த மாணவர் முழுவை வாங்கிப் பாதியை வீணாக்குவதிலும் அரையை வாங்குவது சிக்கனம். ஐந்தாறு பேர் ஒரே தட்டைச் சுற்றி அமர்ந்து உண்ணும் ‘சஹன்’ சாப்பாடு முஸ்லிம் சகோதரர்களின் விருந்து வழக்கம். இன்று உணவகங்களிலும் விற்கப்படுகிறது. ஆட்கள் முழுமையாக இருந்தால் தலைக்கு விழும் விலை குறையும். நால்வராகச் சென்று அறுவர் தட்டை வாங்கினால் அச்சிக்கனம் அங்கேயே அழிந்துவிடும்.

சமையல் எரிவாயுவின் விலை ஏறி இறங்கும்போது, சிற்றுண்டிச்சாலை உரிமையாளர் சங்கத்தினர் தேநீருக்கும் கொத்து ரொட்டிக்கும் சாப்பாட்டுப் பொதிக்கும் விலை கூட்டியதாகவோ குறைத்ததாகவோ அறிவிப்பதைப் பத்திரிகைகளில் காண்கிறோம். அது சங்கத்தின் அறிவிப்பே அன்றிச் சட்டம் அன்று. கூட்டும்போது உடனே கூடுகிறது. குறைக்கும்போது எல்லாக் கடைகளிலும் குறைவதில்லை. எனவே, செய்தியை நம்பிப் புறப்படாமல் கடையின் பலகையை நம்பிப் புறப்படுவதே விவேகம்.

மாணவர்களுக்குச் சில சொற்கள்

விடுதியில் தங்கிப் படிக்கும் மாணவர்களிடையே பிறந்தநாள் வந்தால் நண்பர்களுக்கு விருந்து வைக்கும் வழக்கம் பெருகி வருகிறது. அன்பின் அடையாளமாகத் தொடங்கிய இது, சிலருக்குக் கடனாக முடிகிறது. வீட்டிலிருந்து வரும் பணத்தில் ஒரு மாதத்தை ஓட்ட வேண்டிய பிள்ளை, ஒரு மாலையில் அதில் பாதியைச் செலவிட்டுவிட்டு, மிகுந்த நாட்களில் பிஸ்கட்டும் தேநீருமாகக் காலம் கழிப்பது கண்கூடு. எல்லோரும் தத்தம் பங்கைப் போட்டு உண்பது நட்புக்கு இழுக்கன்று. புறப்படுமுன் தலைக்கு இவ்வளவு என்று பேசி முடித்துவிட்டால், குறைந்த பணம் உள்ளவர் பிறர் முன் தலைகுனிய வேண்டிய நிலை நேராது.

‘இன்னும் நூறு ரூபாய் கொடுத்தால் பெரியது கிடைக்கும்’ என்று கடையில் கேட்பார்கள். நூறு ரூபாய் அற்பமாகத் தோன்றும். சிறியதே போதுமென்று வந்தவருக்குப் பெரியது தேவையில்லை என்பதை அத்தருணத்தில் மனம் மறந்துவிடும். சிறியது, நடுத்தரம், பெரியது என மூன்று விலைகள் இருந்தால், நடுத்தரத்தின் விலையைப் பெரியதன் விலைக்கு அருகே வைத்திருப்பதும் உண்டு. பெரியதை வாங்குவதே புத்திசாலித்தனம் என்று நமக்குத் தோன்றச் செய்வதே அதன் நோக்கம். வங்கிக் கடன் அட்டைக்குக் கழிவு என்னும் விளம்பரங்களும் அத்தகையனவே. அட்டைக்கடனை மாத முடிவில் முழுமையாகத் தீர்ப்பவருக்கு அது கழிவு. தீர்க்க இயலாதவருக்கு அதன் வட்டி, அக்கழிவை விழுங்கிவிடும். தொலைபேசி வழியே சாப்பாட்டை வரவழைக்கும்போது, பொருளின் விலையே கடை விலையிலும் கூடுதலாக இருக்கலாம். கொண்டுவரும் கூலி அதற்கு மேல். இவற்றையெல்லாம் கூட்டிப் பார்த்தபின்பே சலுகை சலுகையா என்று தீர்மானிக்க வேண்டும்.

அம்மாவின் தட்டு

இதுவரை ரூபாயைப் பற்றிப் பேசினோம். ரூபாயில் அடங்காத ஒன்றும் உண்டு. நம் குடும்பங்கள் உணவகத்தில் அமரும்போது ஒரு காட்சியை அடிக்கடி காணலாம். விலைப்பட்டியலைப் பார்த்ததும் தாய், ‘எனக்குப் பசியில்லை, பிள்ளைகளுக்குக் கொடுங்கள்’ என்கிறாள். பிள்ளைகள் மீதம் வைத்ததைப் பின்னர் உண்கிறாள். பெரிய ‘நால்வர் சாப்பாடு’ மேசையில் இருக்கும். நான்காமவரின் தட்டு மட்டும் வெறுமையாக இருக்கும். பலகையில் காணும் மிச்சம் எவ்வளவாயினும், அவள் பட்டினியால் பெற்ற மிச்சத்தை மிச்சம் என்று சொல்ல நமக்கு மனம் வரவில்லை. எனவே, ஒரு விதியை வகுத்துக் கொள்வோம்: முதலில் தாயின் சாப்பாட்டைச் சொல்லிவிட்டுப் பிறகு மற்றவர்களுடையதைச் சொல்வது. கையிலுள்ள பணம் அதற்குப் போதாதென்றால், அந்தக் கடை நமக்குரிய கடையன்று. விலை குறைந்த இன்னொரு கடையில் எல்லோரும் வயிறார உண்பதே விருந்து.

சத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. 2016ஆம் ஆண்டில் நடத்தப்பட்ட குடிசன, சுகாதார மதிப்பீட்டின்படி, இலங்கையில் ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளில் நூற்றுக்கு ஏறக்குறைய 17 பேர் வயதுக்கேற்ற உயரமில்லாதவர்கள். தோட்டப் பகுதிகளில் அத்தொகை நூற்றுக்கு ஏறக்குறைய 32. இரு மடங்குக்குச் சற்றே குறைவு! இதற்குப் பல காரணங்கள் உண்டு. வெளிச்சாப்பாடு அதற்குக் காரணமென்று நாம் கூறவில்லை. ஆனால், ஒரு குவளைச் சீனிப் பானத்துக்கும் இனிப்புக்கும் போகும் பணம், முட்டையாகவும் பருப்பாகவும் நெத்தலியாகவும் வீட்டுக்கு வந்தால் அது பிள்ளையின் உடம்பிலே சேரும். மேற்சொன்ன கணக்கில் மிஞ்சிய 1800 ரூபாய்க்கு இன்றைய விலையில் எத்தனை முட்டை வாங்கலாம் என்று வீட்டிலுள்ள மாணவரைக் கணக்குப் போடச் சொல்லுங்கள். அப்பிள்ளைக்கு அது நல்லதொரு பாடமாக அமையும்.

நம் முன்னோர்கள் தோட்டத்தில் அரிசி வாங்கியபோது அதன் விலை சம்பளத்திலிருந்து கழிக்கப்பட்டது. 1927ஆம் ஆண்டில் குறைந்தபட்ச வேதனச் சட்டம் வந்தபோது, அந்த அரிசிக்கும் விலை வரம்பு விதிக்க வேண்டியிருந்தது. மலிவு என்று சொல்லிக் கொடுக்கப்படுவதன் அளவையும் விலையையும் சரிபார்க்க வேண்டும் என்பதை அவர்கள் வயிற்றுப்பாட்டிலேயே கற்றிருந்தனர். எழுத்தறியாத பாட்டிமாரும் கொத்தின் விளிம்பைக் கண்ணால் அளந்தார்கள். படித்த பேரப்பிள்ளைகளாகிய நாம் விலைப்பலகையின் சிறிய எழுத்தைக் கூடப் படிக்காமல் அமர்ந்துவிடலாமா?

ஆகவே, அடுத்த முறை ஐந்து காரியங்களைச் செய்வோம். எவ்வளவு செலவிடலாம் என்று ஒரு தொகையை வகுத்து, அதனைத் தனியே எடுத்து வைப்போம். யாருக்கு என்ன வேண்டும் என்று பிள்ளைகளையும் கூட்டிவைத்துப் பேசுவோம். கடையில் அமருமுன் வரியையும் சேவைக் கட்டணத்தையும் கேட்டறிவோம். உண்டபின் பற்றுச்சீட்டை வாங்கிப் படித்துப் பார்ப்போம். மிஞ்சியதைக் கட்டித் தரச் சொல்லி வீட்டுக்குக் கொண்டுவருவோம். இவ்வளவும் செய்தால், சலுகை உள்ள நாளும் நன்னாள். சலுகை இல்லாத நாளும் நன்னாள். உழைத்த காசுக்கு உரிய பயனைப் பெற்று, குடும்பத்தில் ஒருவர் விடாமல் எல்லோரும் வயிறும் மனமும் நிறைந்து வீடு திரும்புவோமாக.